கடைசிச் சுருள்

உசிலம்பட்டிச் சந்தைத் திடலில்
மாட்டுச் சாணம் வழித்துத் தள்ளிய இடத்தில் கொட்டகை.
தரைக்கு அரையணா.
ஊமைப் படத்துக்கு நான்தான் வாய்.

வெள்ளைக்காரக் குதிரைக்காரன் ஒருவன்.
அவன் தம்பியைப் பட்டமரத்தில் தூக்கிவிட்டு
மீசை முறுக்குகிறான் பண்ணைக்காரன்.
இங்கிலீஷ் அட்டை ஒன்று வந்து போகிறது,
எனக்கு அதில் பாதிதான் புரியும்,
மீதிக்கு நானே எழுத்து:
"தாய்ப்பால் குடிச்சவன்னா நில்லுடா!"
அந்த வாயசைவுக்குச் சரியாகத்தான் இருந்தது.
சீழ்க்கை. பீடிப் புகைக்குள் பாய்கிறது குதிரை.

சட்டையில் நட்சத்திரம் குத்தியவன் வந்ததும்
கொட்டகை அடங்கிப்போனது.
நான் ஒன்றும் சொல்லவில்லை.
நடையைப் பார்த்தே தெரிந்துகொண்டார்கள்.
"ஏட்டு" என்றது ஒரு பொடிக்குரல்.
பக்கத்துக் கை அதன் வாயைப் பொத்தியது.

மூன்றாம் சுருள் முடிந்து
கார்பன் குச்சி மாற்றுகிற நேரம்
வேட்டி மண்ணைத் தட்டிக்கொண்டு எழுந்தார்கள் ஆண்கள்,
ஒச்சு, கழுவன், மொக்கைச்சாமி,
போன மாசம்தான் மீசை அரும்பிய சின்னக்கட்டையன்.
பத்து மணிக்கு டாணாவில் பேர் கூப்பிடுவார்கள்.
ரேகை வைத்த கைகள் எல்லாம்
விடியும்வரை அங்கேதான் படுக்க வேண்டும்.
கழுவன் மட்டும் படுதா ஓரம் நின்று கேட்டான்:
"சுடுவானா?"
இருந்து பாரும் என்று வாய்வரை வந்தது.
விழுங்கினேன்.

மிச்சக் கதை பெண்களுக்கும் பிள்ளைகளுக்கும்.
பள்ளத்தாக்கில் பண்ணைக்காரனை மடக்கினான்.
துப்பாக்கி நெற்றிக்கு நேரே.
அப்புறம், இழவு, கையைத் தாழ்த்தினான்.
கட்டி இழுத்துப்போய்
நட்சத்திரக்காரனிடம் ஒப்படைத்துவிட்டுத்
தொப்பியைக் கழற்றினான்.
சட்டம் என்கிற சொல் எனக்கு இங்கிலீஷிலும் தெரியும்.
"டுமீல்" என்றேன்.
மறுபடியும் "டுமீல்".
திரையில் பண்ணைக்காரன்
உயிரோடு நடந்துகொண்டிருந்தான்.
"வாயாலயே சுடுறீரே" என்றாள் சிலம்பாயி.
பெண்கள் பக்கம் சிரிப்பு,
கொஞ்சம்தான்.

விடிகாலை. படப்பெட்டியைப் போடி ரயிலில் ஏற்ற
டாணாவைத் தாண்டித்தான் போகவேண்டும் வண்டி.
முதுகு மண்ணோடு வெளியே வந்துகொண்டிருந்தார்கள்.
தூக்குச்சட்டியோடு நின்றாள் சிலம்பாயி.
கஞ்சியைக் கையில் வாங்காமல்
அதே கேள்வியைக் கேட்டான் கழுவன்.

அவள் என் பக்கம் திரும்பவில்லை.
"ரெண்டு குண்டு" என்றாள். "ஒண்ணு நெஞ்சுல."
"இன்னொண்ணு?"
பாரா நின்றவனின் பித்தளை வில்லையில்
வெயில் ஏறிக்கொண்டிருந்தது.
அதையே பார்த்துக்கொண்டு சொன்னாள்:
"குடி மொதல்ல. ஆறிப்போவுது."