அரைப்பேர்

டிக்கோயா ஆஸ்பத்திரியின் பதிவறையில்
ஜன்னலைத் திறந்தால் மேகம் உள்ளே வந்து
கோப்புகளின் மேல் உட்கார்ந்துகொள்ளும்.
ஆகவே திறப்பதில்லை.

வாட்டுகளிலிருந்து இறங்கிவரும் சீட்டுகளுக்கு
எண் போடுவது என் வேலை.
பிரசவத்துக்கு, சீனி வருத்தத்துக்கு, குளவி கொட்டியதற்கு.
குளவிக்குப் புத்தகம் பார்க்க வேண்டாம்,
கை தானாகவே எழுதும்.

நேற்று வந்த சீட்டில்
கண்டியிலிருந்து ஒரு கடிதம் குத்தியிருந்தது.
செவனம்மா, வயது நாற்பத்து மூன்று,
பிரம்லி தோட்டம், கீழ்ப்பிரிவு.
இருதயத் தசையில் அழற்சி;
காரணம் சார்கொயிடோசிஸ்.
பதினோரு வருடத்தில் இந்தச் சொல்லை
எழுத்துக்கூட்டி வாசித்தது இதுதான் முதல் தடவை.

டொக்டர் ஹேமச்சந்திரவுக்கு போன் எடுத்தேன்.
கிருமி இல்லை, புற்று இல்லை என்றார்.
உடம்பின் காவல்காரர்களே கூட்டம் கூடிக் கூடி
முடிச்சு முடிச்சாக இறுகிவிடுகிறார்களாம்.
இவளுக்கு முடிச்சு விழுந்தது
இதயத்துக்குக் கரண்ட் போகும் வழியில்.
அவர் சிங்களத்தில் சொன்னதைத்
தமிழில் விளங்கிக்கொண்டு
ஆங்கிலப் புத்தகத்தில் தேடினேன்.

சார்கோமாவுக்குச் சற்று மேலே இருந்தது.
விரல் கொஞ்சம் வழுக்கினால் புற்றுநோய்.

எண்கள் இரண்டு.
டி 86.8, பக்கத்தில் ஒரு குத்துவாள்: அது நோய்.
ஐ 41.8, பக்கத்தில் ஒரு நட்சத்திரம்:
அது நோய் போய்த் தங்கிய வீடு.
நட்சத்திரம் தனியே நிற்கக்கூடாது,
குத்துவாளுக்குப் பின்னால்தான் வரவேண்டும்,
அப்படித்தான் விதி.

அதற்குப் பிறகுதான் பழைய சீட்டுகளைக் கிளறினேன்.
சிவனம்மா: மயக்கம், ஆர் 55.
செவனம்: சயரோகம், சளியில் கிருமி காணவில்லை, ஏ 16,
ஆறு மாத மாத்திரை.
எஸ். அம்மா: நெஞ்சுப் படபடப்பு,
மனப்பதற்றமாக இருக்கலாம், எஃப் 41.
மூன்று பெண்கள்.
மூவருக்கும் ஒரே லயம், ஒரே காம்பரா.
மூன்றிலும் என் கையெழுத்து.

கணினியில் ஒரு கட்டம்தான் இருக்கிறது.
குத்துவாளை வாங்கிக்கொண்டது.
நட்சத்திரத்தைத் திருப்பி அனுப்பிவிட்டது.
இந்த வருட அறிக்கையில்
செவனம்மாவுக்கு இதயம் இருக்காது.

மூன்று கோப்புகளையும் நூல் போட்டுக் கட்டி
மேலட்டையில் பென்சிலால் எழுதி வைத்தேன், ஐ 41.8.
நட்சத்திரம் கொஞ்சம் கோணல்.

மத்தியானம் அவள் புருசன் வந்தான், முத்துக்கருப்பன்.
லேசான வேலை கேட்டுத் துரைக்குக் கொடுக்க
ஒரு கடிதம் வேண்டுமாம்.
நெஞ்சுக்குள் மெசின் வைத்திருக்கிறார்கள்,
இன்னும் கூடை தூக்க முடியவில்லை என்றான்.
கொழுந்து நிறுக்கிற இடத்தில், கூடையோடு விழுந்தாளாம்.
அன்றைக்கு ஒன்பது கிலோ.
அரைப்பேர்தான் போட்டார்கள்.
அதை அவன் குறையாகச் சொல்லவில்லை,
தேதி ஞாபகம் வைப்பதற்காகச் சொன்னான்.

"என்ன வருத்தம்னு எழுதியிருக்குங்க?"
சொன்னேன். அவன் திருப்பிச் சொல்லிப் பார்க்கவில்லை.
"தொத்துமாங்க?"
தொத்தாது என்றேன்.
முன்பு சொன்னதும் இல்லையா என்றான்.
அதுவும் இல்லை.

கண்ணாடி ஜன்னலின் அரைவட்ட ஓட்டைக்குள்
முகத்தைக் குனிந்து கொண்டுவந்தான்.
"அப்ப அவ டம்ளர
எங்களோடத கூட சேத்து வெக்கலாமுங்களா?
ரெண்டு வருசமாச்சு,
பிரிச்சு வெச்சிருக்கோம்."