மொழிக்கு முதலில் வராத எழுத்து

மாதம் இருபதாம் தேதிக்குள்
சம்பளப் பட்டியல் போட்டாக வேண்டும்.
முப்பத்தொரு பேருக்கு நான் போடுகிறேன்,
தலைமையாசிரியர் தொடங்கித் துப்புரவுப் பணியாளர் வரை,
வீட்டு வாடகைப்படி, பிடித்தம், கூட்டுறவுக் கடன்.
முப்பத்திரண்டாவது ஆள்
பட்டியலைப் போடுகிற ஆள்.
அவளுக்கு வரிசை எண் கிடையாது.

கருங்கல்லுக்குக் கிழக்கே ஓர் உதவிபெறும் பள்ளி.
ஞானதாஸ் சார் ஓய்வுபெற்ற இளநிலை உதவியாளர் இடம்,
முறைப்படி விளம்பரம், முறைப்படி நேர்காணல்,
ஒன்பது வருடம் முன்பு
ஜூன் மழையில் நனைந்துகொண்டே வாங்கிய நியமன ஆணை.
ஒப்புதல் கேட்கும் கோப்பை நானே தைத்தேன்.
ஐந்து நகல். மார்த்தாண்டம் அலுவலகத்தில்
நானே கொண்டு கொடுத்தேன்.

முதல் தடவை எழுத்துக்காகத் திரும்பியது.
சான்றிதழில் றெக்சலின், ஆணையில் ரெக்சலின்.
எது சரியென விளக்குக, என்றது குறிப்பாணை.
தமிழாசிரியர் சந்தியாகப்பன் சிரித்தார்:
"ரெண்டுமே மொழிக்கு முதல்ல வராது பிள்ளே.
இலக்கணப்படி ஒனக்க பேரை
ஆரம்பிக்கவே முடியாது."
அன்றைக்கு நானும் சிரித்தேன்.

அடுத்தது, மாணவர் எண்ணிக்கை.
அதற்கடுத்தது, மாவட்டத்தில் எங்கோ ஓர் உபரி உதவியாளர் இருக்க
அவரை ஈர்த்துக்கொள்ளாமல் நியமித்தது தவறாம்.
அந்த உபரி ஆளை யாரும் பார்த்ததில்லை.
தூக்கம் வராத சில ராத்திரிகளில் நான் பார்ப்பேன்:
சோற்றுப் பாத்திரத்தோடு
ஏதோ பள்ளியின் வராந்தாவில் உட்கார்ந்திருப்பார்.
அவருக்கும் என்மேல் வருத்தம்தான் போல.

நிர்வாகம் தருவது ஆறாயிரம்.
மழை பிடித்தால் டென்னிசனுக்கு ரப்பர் வெட்டு இல்லை,
அந்த மாதங்களில் ஆறாயிரம்தான் வீடு.

மதுரைக் கிளை.
இரவு வண்டி ஏறினால் விடியும்போது மாட்டுத்தாவணி.
ஒத்தக்கடையில் யானைமலை படுத்துக் கிடக்கிறது,
எழும்புகிற உத்தேசமே இல்லாமல்.
அன்றைய பட்டியலில் நூற்று நாற்பத்தேழு நான்.
நான்கு நிமிடம்.
பன்னிரண்டு வாரத்துக்குள், தகுதியின் அடிப்படையில்,
சட்டப்படி பரிசீலிக்க வேண்டும்.
ஜெயித்துவிட்டோம் என்றார் வக்கீல்.
ஆளுக்கு ரெண்டு வடை வாங்கித் தந்தேன்.

பரிசீலித்தார்கள்.
பன்னிரண்டாவது வாரம், வெள்ளிக்கிழமை,
சட்டப்படி வேறொரு காரணம்.

இரண்டாம் மனு வர மூன்று வருடம்.
இந்தமுறை நீதிபதி கோப்பைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.
"பணியிடமே தேவையில்லை என்கிறீர்கள்.
அப்படியானால் இதையெல்லாம் எழுதியது யார்?"
அரசுத் தரப்பு தாக்கல் செய்த காகிதங்கள் —
வருகைச் சுருக்கம், மாணவர் எண்ணிக்கை, உபரி விவரம் —
கடைசி வரிசையில் நின்றே தெரிந்தது,
அத்தனையும் என் கையெழுத்து.
எனக்கெதிரான ஆவணங்களை
அடித்தல் திருத்தல் இல்லாமல்
நான்தான் எழுதிக் கொடுத்திருக்கிறேன்.

நியமித்த நாள் முதல் ஒப்புதல், எட்டு வாரத்துக்குள்.
டென்னிசன் அழுதான். எனக்கு வரவில்லை.

ஏழாவது வாரம் ஒரு பழுப்பு உறை.
தபால் பிரிப்பதும் என் வேலைதான்.
முத்திரை குத்தி எண் போட்டேன்: 412.
அரசு மேல்முறையீடு செய்துள்ள விவரம்
பள்ளிக்குத் தெரிவிக்கப்படுகிறது.
எதிர்மனுதாரர், றெக்சலின்.
வல்லின ற.
ஒன்பது வருடத்தில் முதல்முறையாக
சரியாக எழுதியிருந்தார்கள்.

பதிவேட்டில் 'பொருள்' என்ற கட்டம்
விரல் அகலம்தான் இருக்கும்.
பேனா அதன்மேல் நின்றபோது
ஜன்னலில் ஓர் ஆறாம் வகுப்புப் பையன்:
"டீச்சர், போனபைடு வேணும்."
நான் டீச்சர் இல்லை என்று சொல்வதை
எப்போதோ விட்டாயிற்று.

"பேரு?"
"றிஜோ."
எந்த ர என்று கேட்டேன்.
முழித்தான்.
காகிதத்தை அவன் பக்கம் தள்ளி
எழுதிக் காட்டச் சொன்னேன்,
ஒன்றுக்கு இரண்டு முறை.