மிச்சம் பத்தொன்பது பாகை

முதுகைச் சாய்க்காம இருங்க என்றார் நுஸ்கியா மிஸ்.
பாதம் இரண்டும் நிலத்தில்,
கை இரண்டும் தொடையில்.
அடையாள அட்டைக்குப் படம் பிடிக்க வந்தவன் மாதிரி
இருந்தேன்.
ஆஸ்பத்திரி யன்னலுக்கு வெளியே, இடப்பக்கம், கடல்.
அந்தப் பக்கம் திரும்ப முடிந்திருந்தால்
இங்கே வந்திருக்கவே மாட்டேன்.

கொம்பாஸ் பெட்டிக்குள் கிடந்த பாகைமானிக்கு
இரண்டு கால் முளைத்ததுபோல் ஒரு கருவி.
அதன் நடுவை உச்சந்தலையில் வைத்தார்.
ஒரு கால் தோளோடு நிற்கும், அசையாது.
மற்றது மூக்கோடு போகும்.
மூக்குத்தான் முள் என்றார்.

முதலில் குனிந்தேன்.
நாடிக்கும் நெஞ்சுக்குழிக்கும் நடுவில் தையல் நாடா,
இரண்டு விரல் இடைவெளி.
அண்ணாந்தேன். கூரையில் ஒரு பல்லி,
எந்தக் கணக்கும் இல்லாமல் தலைகீழாய்.
காதைத் தோளுக்குக் கொண்டுபோகச் சொன்னார்.
நாற்பத்தைந்து பாகை வேண்டுமாம். முப்பதில் நின்றது.
அப்போது என் தோள் மெல்ல எழும்பிக்
காதைத் தேடி வந்தது.
தோள் களவெடுக்குது என்று
அமத்திப் பிடித்தார்.

வலப்பக்கம் எழுபத்தாறு.
எண்பதுதான் முழுக்கணக்கு,
அம்பத்திரண்டு வயசுக்கு நாலைத் தள்ளிவிடலாம்.
இடப்பக்கம்
முப்பத்தாறு. திரும்ப அளந்தார், முப்பத்தெட்டு.
இன்னொரு தரம். முப்பத்தெட்டு.
நான் பிடிச்சுத் திருப்பினா இன்னும் கொஞ்சம் போகும்,
ஆனா அது என்ட கணக்கு.
உங்கட கணக்கைத்தான் எழுதுவன்.

எப்படி வந்தது என்று கேட்டார்.
உப்புவெளியிலிருந்து ஆறு வெள்ளைக்காரரோடு
திமிங்கிலம் பார்க்கப் போனதைச் சொன்னேன்.
அலையில் ஏறிய படகு
வெறும் காற்றில் இறங்கியதைச் சொன்னேன்.
அடுத்த கிழமை இடப்பக்கம் மூச்சு பீய்ச்சியது,
எல்லோரும் கத்தினார்கள்,
எனக்குக் கழுத்து வரவில்லை.
எஞ்சினைத் திருப்பினேன்.
பதினெட்டு அடிப் படகு முழுதும் என் கழுத்தாகித்
திரும்பி முடிய,
எண்ணெய் ஊற்றியதுபோல் வழுவழுவென்று
ஒரு வட்டத் தண்ணீர் மட்டும் கிடந்தது.
மிஸ் சிரித்தார்.

சொல்லாமல் விட்டது:
கரையில் எனக்கு இடப்பக்கம் தம்பி ரொசைரோ.
கோயில் வாங்கிலும் இடப்பக்கம்தான்.
ஒரு யமஹா எஞ்சின் காசில் முறிந்து
மூன்று வருடம்.
கழுத்து இறுகிய நாளில் எனக்குப் பெரிய கவலை இல்லை.
ஏன் டெறன்ஸ், அவனைப் பாராமல் போகிறாய்
என்று கேட்டவர்களுக்குக்
கழுத்து ஏலாது என்றேன்.
ஊர் நம்பியது.
எக்ஸ்ரே கவரைக் கையிலேயே வைத்திருந்தேன்.

காலையில் பத்து, மாலையில் பத்து.
சுடுதண்ணீரில் நனைத்த துவாய்.
வலிக்கும் இடத்துக்கு ஒரு மயிரளவு முன்னால் நிறுத்து,
மூச்சு விடு, திரும்பி வா.
பஸ்ஸுக்கு நிற்கையில் ஒரு புள்ளிமான்
குப்பைத்தொட்டியருகே நின்றபடி
தன் முதுகைத் தானே நக்கியது.
அதை யாரும் அளந்ததில்லை.
கொஞ்சம் எரிச்சலாக இருந்தது.

ஆறாம் கிழமை அறுபத்தொன்று.
மிஸ் அட்டையில் எழுதி அடிக்கோடு போட்டார்.

அன்று பின்னேரம் கரையில்
கவிழ்த்த படகில் கிழக்கைப் பார்த்து இருந்தேன்.
முதுகைச் சாய்க்கவில்லை.
தோளைக் களவெடுக்க விடவில்லை.
முப்பத்தெட்டில் வெறும் கடல்.
ஐம்பதில் யாரோ விட்ட மிதவை.
அறுபத்தொன்றில், நங்கூரத்தில்,
ரொசைரோவின் படகு.
அணியத்தில் நீலம் உரிந்து
என் கையால் நான் எழுதிய பெயரில்
பாதி எழுத்து இல்லை.
அவன் குந்தியிருந்து தண்ணீர் இறைத்துக்கொண்டிருந்தான்,
முதுகு இந்தப் பக்கம்.

மூக்கு அவ்வளவுதான் போகும்.
மிச்சம் பத்தொன்பது பாகை.
அதற்குப் பிறகு கண் தானாகப் போகும் என்று
மிஸ் சொன்னார், அதை ஒருவரும் எழுதுவதில்லையாம்.
அங்கே என்ன இருக்கிறதென்று எனக்குத் தெரியும்.
அவன் வீட்டுக் கதவு.
பச்சை. உள்ளே திறப்பது.

காலையில் பத்து, மாலையில் பத்து.
இன்று பதினொன்று செய்தேன்.