உள்ளூர்ப் பெயர்

ஆடுதுறை நெல் ஆராய்ச்சி நிலையத்தில்
விதைப் பதிவேட்டின் நான்காம் கட்டம்
உள்ளூர்ப் பெயர்.
ஒரு விதைக்கு ஒன்று.
இருபத்தைந்து எழுத்துக்கு மேல் கணினி வாங்காது.

கம்பேங், லாவோஸின் வடமலைக்காரர்,
ஆறு வாரப் பயிற்சிக்கு வந்தவர்,
ஒரே நெல்லை
ஐந்து பொட்டலமாக என் மேசையில் வைத்தார்.
ஐந்து ஊர். ஐந்து பெயர்.

சொல்லிக் காட்டினார்.
முதலாவது, தூரத்து ஆளைக் கூப்பிடுவதுபோல்.
இரண்டாவது, அதற்குப் பதில்போல்.
மூன்றாவது தொண்டையிலேயே நின்றது,
ஷட்டரை இறக்கியதும் வாய்க்கால் நிற்குமே, அப்படி.
மற்ற இரண்டும்
எனக்கு முதலாவதாகவே கேட்டன.

கோபப்படவில்லை. நீ சொல் என்றார்.
புலி. புளி.
"ஒன்றுதானே?"
வாளை. வாழை.
"அதுவும்!"
எனக்குக் கேட்காததும் அவருக்குக் கேட்காததும்
டீ ஆறும்வரை
மேசையில் கிடந்தன.

மொழியின் பெயர் கேட்டேன்.
கேட்பது யார் என்பதைப் பொறுத்தது என்றார்.
புத்தகம் லோலோ வகையில் போடும்;
வீட்டில் யாரும் அப்படிச் சொல்வதில்லை.
மாவட்ட ஆபீஸ் ஓர் ஊரின் பெயரை
ஏழு ஊர்ப் பேச்சுக்கும் வைத்துவிட்டது.
"உங்கள் ஊரா?"
"இல்லை. ரோடு முதலில் போன ஊர்."

ஞாயிற்றுக்கிழமை கலியமூர்த்தி ஜீப்பில்
பூம்புகார் போனோம்.
பாலத்துக்குப் பாலம் காவிரியா என்று கேட்டார்.
இது வீரசோழன்.
இது மஞ்சளாறு.
இதற்குப் பேர் இருக்கும், எனக்குத் தெரியாது.
"எல்லாம் மேட்டூர் தண்ணிதான், சொல்லுங்க அவர்ட்ட"
என்றார் கலியமூர்த்தி, கியரை மாற்றியபடி.
கடைசியில், கடலுக்குக் கொஞ்சம் முன்னால்,
ஓடிவந்தால் தாண்டிவிடலாம் போல ஒன்று.
இதுதான் காவிரி என்றேன்.
வெகுநேரம் பார்த்தார்.
எதையோ முணுமுணுத்தார்.
அது எந்த ஊர்ப் பேச்சோ.

திங்கட்கிழமை
கட்டத்தில் ஏறியது
ரோடு போன ஊரின் பெயர்தான்.
ராகத்துக்குக் கணினியில் இடமில்லை.
அவர் பேனா வாங்கிப் பொட்டலங்களின்மேல் கோடு போட்டார்:
ஒன்று ஏறி, ஒன்று இறங்கி,
ஒன்று பாதியில் முறிந்து,
மதகுச் சுவரில்
போன வருஷத் தண்ணீர் விட்டுப்போன கறைகள் மாதிரி.
குறிப்பு என்ற கட்டத்தில் நான் அடித்தேன்:
மற்ற நான்கும் பொட்டலத்தின்மேல் உள்ளன, காண்க.

அவர் போய் இரண்டு சம்பா ஆயிற்று.
குளிர் அறைக்கு ஈரம் பார்க்கப் போகும்போது
மூன்றாம் பொட்டலத்தை மட்டும் எடுத்து
முறிந்த கோட்டில் விரல் வைத்துச்
சொல்லிப் பார்க்கிறேன்.
தப்பாகத்தான் வரும்.
எந்த ஊர்த் தப்பு என்று சொல்ல
இங்கே ஆளில்லை.