செய்து முடித்த பணி

அமியான் நகரின் நிர்வாக நீதிமன்றத்தில்
என் வழக்குக்குக் கிடைத்தது பதினொரு நிமிடம்.
கைக்கடிகாரத்தில் பார்த்தேன்.
மணிக்கணக்கில் கூலி வாங்குகிறவளுக்கு
அந்தப் பழக்கம் போகாது.

எதிரே மூன்று நாற்காலிகள்.
ஒன்றில் பல்கலைக்கழகத்தின் இளம் வக்கீல்,
சப்பாத்தில் இன்னும் மழை.
ஒன்றில் பிராந்திய மன்றம் கழற்றிப்போட்ட மேலங்கி,
ஆள் நின்றபடியே பேசினார்.
மூன்றாவது அமைச்சகத்துடையது. யாருமில்லை.
பாரிசிலிருந்து ஏழு பக்கம் மட்டும் வந்திருந்தது.

பணம் எங்களுக்கு வரவில்லை என்றது பல்கலைக்கழகம்.
எங்கள் பங்கு கொடுத்தாயிற்று என்றது மன்றம்.
தன்னாட்சி தந்தோமே, இனி எங்களிடம் என்ன என்றது
ஏழு பக்கம்.
எல்லாரும் மரியாதையாகத்தான் பேசினார்கள்.
அமலோற்பவம் என்ற பெயரை
மூன்று முறை தொடங்கி
மூன்று முறையும் பாதியில் இறக்கிவைத்தார்கள்.

செவிலியர் படிப்புக்குப் புள்ளியியல் நடத்துகிறேன்.
ஒன்பதாவது ஆண்டு.
ஏழாவது பக்கத்தில் நான்
'தற்காலிகத் தேவைக்கான ஆள்'.
ஒன்பது ஆண்டாகத் தீராத தற்காலிகம்
என்ன நோய் என்று
என் மாணவிகளைத்தான் கேட்கவேண்டும்.

கார்த்திகையில் நடத்திய பாடத்துக்கு
ஆடியில் சம்பளம் வரும், அது வழக்கம்.
இந்த முறை ஆடியும் போயிற்று.
வீட்டுக்காரர் மட்டும் ஐந்தாம் தேதியை நம்புகிறார்.

இங்கே என் வேலைக்கு வக்காத்தேர் என்று பெயர்.
காதில் பாதி விடுமுறையாக விழும்.
விழுப்புரத்தில் சித்தி மகன் ஞானாதிக்கம்
இதே வேலைதான் பார்க்கிறான்.
அங்கே அதற்குக் கௌரவ விரிவுரையாளர் என்று பெயர்.
"அந்தக் கௌரவத்துக்கு அரைக் கிலோ துவரம்பருப்பு
தருவானா கேட்டுப் பார்" என்பான்.
அவனும் வழக்கில் இருக்கிறான்,
மானியம் மத்தியா மாநிலமா என்று.
ஞாயிற்றுக்கிழமைகளில் பேசிக்கொள்கிறோம்,
இரண்டு சர்க்கரை நோயாளிகள்
மாத்திரைச் சீட்டை ஒப்பிடுவது போல.

நீதிபதி கேட்டது ஒன்றே:
எத்தனை மணி நேரம்?
தொண்ணூற்றாறு என்றேன்.

நூற்று முப்பத்திரண்டு விடைத்தாள்களைச் சொல்லவில்லை.
லான் நகருக்குப் போகும் ஆறு ஐம்பது ரயிலை,
அது பனியில் நின்ற காலை
நடைமேடையில் குந்தியபடி
கைபேசியில் நடத்திய பாடத்தை,
அப்பாவை அடக்கம் செய்யப் போன லுசீலுக்காக
மறுபடி உட்கார்ந்து தயாரித்த வினாத்தாளைச்
சொல்லவில்லை.
செய்து முடித்த பணிக்கே சம்பளம், அது விதி.
முடித்தாள் என்று ஒப்பமிட வேண்டியவர்
மார்ச்சிலிருந்து விடுப்பில்.

எங்கள் மொழியில் கடமைக்கும் கடன் என்று பெயர்,
பாக்கிக்கும் கடன்தான் என்று
படிக்கட்டில் என் வக்கீலிடம் சொன்னேன்.
"இரண்டில் எதைக் கோருகிறோம்?" என்று
பேனாவைத் திறந்தாள்.

தீர்ப்பு மூன்று வாரம் கழித்தாம்.
நேரே வகுப்புக்கு ஓடினேன்.
இந்த ஆண்டு ஒப்பந்தம் இன்னும் கையெழுத்தாகவில்லை,
சட்டப்படி நான் அந்த அறையில் இல்லை.
இல்லாதவள் பலகையில் எழுதினேன்:
விடுபட்ட தரவு.

சுழியம் வேறு, வெற்றிடம் வேறு.
காய்ச்சல் இல்லை என்பது ஒன்று,
யாரும் அளக்கவில்லை என்பது இன்னொன்று.
காலிக் கட்டத்தில் பூச்சியம் போட்டுவிடாதீர்கள்,
ஆள் செத்துப்போவார்.

சிரித்தார்கள்.
பின்வரிசையில் ஒருத்தி குறித்துக்கொண்டாள்.

வருகைத்தாள் சுற்றி வந்தது.
முப்பத்தொரு கையெழுத்து.
பாடம் நடத்தியவருக்கு என்று
அடியில் ஒரு கட்டம்.
போன வருடம் வரை அதை நான் கவனித்ததில்லை.
கையெழுத்திட்டேன், தேதி போட்டேன்,
மணியும் எழுதினேன்,
படம் பிடித்து வக்கீலுக்கு அனுப்பினேன்:
இணைப்பு பதினேழு.