அரை அளவு

செக்காலை ரோட்டில் செருப்புக் கடைக்கு மேல்மாடி.
ஆறு குமிழ், நான்கு கவ்வி, ஒரு டப்பா ஜெல்.
சிவப்பு வலக்கை, மஞ்சள் இடக்கை,
பச்சை இடக்கால், கறுப்பு வலக்கால்.
பதினோரு வருடம். தூக்கத்தில் எழுப்பினாலும் மாறாது.

வெள்ளிக்கிழமை உச்சிநேரம் வந்தான் சேவுகன்.
இருபத்திரண்டு வயது, கல்லல் பக்கம்.
திங்கள் காலை போலீஸ் தேர்வு,
ஆயிரத்து ஐந்நூறு மீட்டர்.
பயிற்சியில் ஒருமுறை கண் இருட்டி உட்கார்ந்தானாம்.
அதை அவன் சொல்லவில்லை,
கூட வந்த அக்கா திருச்செல்வி சொன்னாள்.

தாள் வந்தது.
வி-ஐந்தில் எழுந்த கோடு
மேல் வரிசைக்காரனின் வீட்டுக்குள் போய் முட்டியது.
அளவைப் பாதியாக்கினேன், பத்துக்கு ஐந்து.
அப்போதும் உயரம்.
அதற்கடுத்து ஒரு சின்ன மேடு வரவேண்டும்.
வரவில்லை.
வி-மூன்று தொடங்கி ஆறுவரை
கோடு ஊருணிப் படிபோல உள்ளே இறங்கியது.
ஓரத்து லீடுகளில் ஒல்லியாக ஒரு கீழ்க்கோடு,
பிளேடு கீறினாற்போல.

ஓடுகிற பையன்களுக்கு உயரம் வரும், பார்த்திருக்கிறேன்.
ஒல்லி மார்பில் கோடு துள்ளும்.
பள்ளம் இந்த ஆழத்துக்கு வராது.

துடைத்தேன். விலா எண்ணி மறுபடி ஒட்டினேன்.
அதே.
"மெஷின் கோளாறா?" என்றாள் அக்கா.
இருக்கலாம் என்றேன்.
இருந்துவிட்டுப் போகட்டும் என்றும் நினைத்தேன்.
"நீங்க ஒரு நிமிஷம் படுங்களேன்,
சரியா எடுக்குதான்னு பார்த்துடுவோம்."

அவன் வெளியே போக, திரையை இழுத்தேன்.
தாலிக்கயிற்றைத் தோள்பக்கம் ஒதுக்கினாள்.
கவ்வியில் வளையல் தட்டியது.
ஜெல் பட்டதும் கூச்சத்தில் சிரித்தாள்.

உயரம் சாதாரணம்.
நான்கு, ஐந்து, ஆறு:
பள்ளம்.
தம்பியுடையதைவிட ஆழம் கம்மி,
ஆனாலும் பள்ளம்.

"சரியா இருக்கா?"
"மெஷின் சரியா இருக்கு."

அப்பாவைப் பற்றிக் கேட்டேன்.
மஞ்சுவிரட்டு பார்க்கப் போனவர்.
கட்டுமாடு அவிழ்ந்ததும் கூட்டத்தோடு ஓடினார்.
மாடு அந்தப் பக்கமே வரவில்லை,
உடம்பில் ஒரு கீறல் கிடையாது.
முப்பத்தாறு வயது.
ஊர் இன்றைக்கும் அந்த மாட்டின் பேரைத்தான் சொல்கிறதாம்.

பையிலிருந்து ஒரு பிளாஸ்டிக் கவரை எடுத்தாள்.
சாவதற்கு முந்தின வருஷம்
இன்ஷூரன்ஸுக்காக அவருக்கு எடுத்தது.
பிரித்தேன்.
வெளிறிய கட்டங்கள் இருந்தன. கோடு இல்லை.
சூட்டில் எழுதும் தாள், இத்தனை வருஷம் தாங்காது.
யாரும் அவளிடம் சொல்லவில்லை போலும்,
மடிப்புக் கலையாமல் வைத்திருந்தாள்.

டாக்டர் உமையாள் இரண்டு தாளையும்
ஜன்னல் வெளிச்சத்தில் பிடித்தபடி வெகுநேரம் பேசவில்லை.
பிறகு:
"இதயத்துச் சுவர் தடிச்சிருக்கலாம்.
மதுரையில எக்கோ பார்த்தாத்தான் உறுதி.
திங்கக்கிழமை நீ ஓடக்கூடாது."

சேவுகன் இடையில் கொத்து வேலைக்கும் போகிறவன்.
"சுவர் கனமா இருந்தா நல்லதுதானே மேடம்?"

"வீட்டுச் சுவர் நின்னாப் போதும்.
இது விரியணும்."

அவன் தன் கைகளைப் பார்த்தான்.
சுண்ணாம்பு நகக்கண்ணில் இருந்தது.

அப்பாவோடு பிறந்தவர்கள் எத்தனை, அவர்கள் பிள்ளைகள் எத்தனை?
திருச்செல்வி விரல் மடக்கினாள்.
சித்தப்பா இரண்டு. அத்தை மூன்று, ஒருத்தி மலேசியாவில்.
அந்த அத்தை மகன் போன வருஷம் தூக்கத்திலேயே...
அங்கே கொஞ்சம் நின்றாள்.
பிறகு தன் மகளை எண்ண வந்த விரலை
மடக்காமல் அப்படியே வைத்திருந்தாள்.

ரோலில் எவ்வளவு தாள் மிச்சம் என்று
என் கை தானாகப் பார்த்தது.

கோடு அழிவதற்குள் ஜெராக்ஸ் எடுக்கக் கீழே இறங்கினேன்.
கடைக்காரர் கேட்டார், "எத்தனை காப்பி?"

மேலே இன்னும் எண்ணிக்கொண்டிருந்தார்கள்.