ஒரு நிமிடம் ஐம்பது நொடி

அவள் பாடியதை அல்ல,
பாடாத இடங்களைத்தான் நான் வைத்திருந்தேன்.

1953, பெப்ரவரி. பெல்வில் மேட்டில்
முன்பு குதிரை லாயமாயிருந்த ஒலிப்பதிவுக் கூடம்.
குளிருக்குப் பியானோவின்மேல் கம்பளி போர்த்தியிருந்தோம்.
ஜிஸ்லேன் வாந்தோர்ப் கையுறையைக் கழற்றாமலே பாடினாள்.
சுவரொட்டியில் அவள் பெயர் லூ வெர்னே.
வாந்தோர்ப் என்றால் உருளைக்கிழங்கு வாசனை அடிக்கிறதாம்,
முதலாளி பூர்தெல் மாற்றிவிட்டார்.

ரூபேயில் கம்பளி ஆலை.
பதினான்கு வயதில் சிக்கெடுக்கும் பிரிவு.
ஆறு வருடம் விழுங்கிய தூசியைச் சேர்த்தால்
நெஞ்சுக்குள் ஒரு ஆட்டுக்குட்டி நிற்கும் என்பாள்.
அதனால் ஒவ்வொரு வரிக்கும் முன்னால்
ஒரு மூச்சு:
துருப்பிடித்த கதவை யாரோ பாதி திறந்து
வேண்டாமென்று விட்டதுபோல.

முஃப்தார் தெரு நிலவறைக்கு
அந்த மூச்சுக்காகத்தான் வந்தார்கள் என்று நினைக்கிறேன்.
நாற்பது நாற்காலி.
வெள்ளிதோறும் வருகிற கசாப்புக்கடைக்காரர் ஒருவர்
அவள் இழுக்கும்போது தானும் இழுத்து
அவள் பாடும்போது விட மறந்து
முகம் சிவக்க உட்கார்ந்திருப்பார்.

பூர்தெல் கேட்டுவிட்டுச் சொன்னார்:
"குரல் தேன். நடுவில் இந்தத் துருத்தி எதற்கு?
வெட்டு."

வெட்டினேன்.
சவரத் தகடு, சாய்கோணம், ஒட்டுநாடா.
நான்கு பாடல். அறுபத்தேழு மூச்சு.
என் கைவேலையில் எனக்குப் பெருமை உண்டு, மறைப்பதற்கில்லை;
ஓர் ஒட்டுகூடக் காதுக்குத் தட்டாது.

அச்சாகி வந்த முதல் தட்டை
கோட்டோடு நின்றபடி கேட்டாள்.
முடிந்ததும்,
"இது யார்?"

சிரித்தோம்.
அவள் சிரிக்கவில்லை என்பது
மூன்றாம் நாள்தான் எனக்கு உறைத்தது.

தட்டு விற்றது, சுமாராக.
லியோன், நான்ஸி, மழையில் ஒரு பிரசெல்ஸ்.
அங்கே பின்வரிசையில் யாரோ சொன்னார்களாம்,
"தட்டில் நன்றாயிருந்தாளே."
அன்றிலிருந்து மூச்சை ஒளிக்கப் பழகினாள்.
சால்வைக்குள், தாளத்துக்குள், கைதட்டலுக்குள்.
ஒளிக்க ஒளிக்க
வரிகள் குட்டையாகிக்கொண்டே வந்தன.

1956 அக்டோபர், ஒரு வியாழன்.
இரண்டாம் பாட்டின் நடுவில்
"மன்னியுங்கள், எனக்குக் காற்று வேண்டும்" என்று
படியேறிப் போனாள்.
பியானோக்காரர் அதே இடத்தை எட்டு முறை
சுற்றிச் சுற்றி வாசித்தார், வந்துவிடுவாள் என்று.
சால்வை ஆணியில் தொங்கியது.
குளிர்காலம் முடிந்ததும் யாரோ எடுத்துப்போனார்கள்.

பதினோரு வருடம் கழித்து
துர்க்வானில் ஒரு காலணிக் கடை.
வாசல் மணி அடித்ததும் நிமிர்ந்து என்னைப் பார்த்தாள்,
என் முகத்தை விட்டுவிட்டுக் காலைப் பார்த்தாள்.
"நாற்பத்தொன்று. அகலப் பாதம்."

தகர டப்பாவை மேசைமேல் வைத்தேன்.
பிஸ்கட் டப்பா, மூடியில் நான்ட் நகரத்துப் பாய்மரக் கப்பல்.
உள்ளே அறுபத்தேழையும் ஒரே நாடாவாக
ஒட்டிச் சுருட்டி வைத்திருந்தேன்.
மன்னிப்புக்கு ஒரு வாக்கியமும் தயாரித்திருந்தேன்.
ரயிலிலேயே அது மறந்துபோயிருந்தது.

"எவ்வளவு நேரம்?" என்றாள்.
"ஒரு நிமிடம் ஐம்பது நொடி."
"அவ்வளவுதானா" என்றாள்.
ஒரு வாடிக்கையாளருக்குச் சில்லறை கொடுத்துவிட்டு வந்து
"அவ்வளவா" என்றாள்.

சுருளை எடுத்து என்னிடமே நீட்டினாள்.
டப்பாவை வைத்துக்கொண்டாள்,
குதிகால் ஆணிகள் போட்டுவைக்க ஆகும் என்று.

பிறகு அளவுப் பலகையோடு என் முன் மண்டியிட்டாள்.
குனிந்தபோது வந்தது அது,
வெட்டாமல், முழுசாக,
என் முழங்காலுக்கு அருகில்.

கறுப்பில் ஒரு ஜோடி காட்டச் சொன்னேன்.
பழுப்பில் ஒன்று.
வார் வைத்தது இருக்கிறதா என்றேன்.
மூன்றாவதிலேயே அவளுக்குப் புரிந்துவிட்டது.
நான்காவதை
நின்றபடியே நீட்டினாள்.

அதைத்தான் வாங்கினேன்.
இடது காலில் கடிக்கும்.